நுங்கம்பாக்கம் கண்ட கரிய கோள்

1866ஆம் ஆண்டு, மே திங்கள் 16ஆம் நாள். கோடையின் கொடுமையில் வாடி வதங்கிய சென்னை நகர் உறங்கிக் கொண்டிருக்கிறது. நுங்கம்பாக்கத்தில் ஒருவர் மட்டும் உறங்கவில்லை. தொலைநோக்கியில் கண்ணை வைத்தபடி வானத்தின் ஒரு மூலையைத் துருவுகிறார். பக்கத்தில் விண்மீன் படம். படத்தில் உள்ள ஒவ்வொரு புள்ளியையும் வானில் உள்ள ஒவ்வொரு புள்ளியோடும் ஒப்பிடுகிறார். வானில் ஒரு புள்ளி மிகுதியாக இருக்கிறது. படத்தில் அது இல்லை. விண்மீனாயின் அது நின்ற இடத்தில் நிற்கும். நகர்ந்தால் அது மீன் அன்று. கதிரவனைச் சுற்றி வரும் கோள்.

நகர்ந்தது.

அன்று அவர் கண்டது இன்று 87 என்னும் எண்ணையும் சில்வியா என்னும் பெயரையும் தாங்கி நிற்கும் சிறுகோள். கண்டவர் நார்மன் ராபர்ட் போக்சன், சென்னை வானாய்வுக் கூடத்தின் தலைவர். செவ்வாய்க்கும் வியாழனுக்கும் இடையே பரந்து கிடக்கும் சிறுகோள் வளையத்தின் வெளி விளிம்பில் ஓடும் பெருங்கோள்களுள் ஒன்று அது. நிலக்கரி போல் கரியது.

தோழர்களே! இந்தச் செய்தியை நம்மில் எத்தனை பேர் பள்ளியில் படித்தோம்? நான் படிக்கவில்லை. ஆனால் எட்டாம் இடத்துச் செவ்வாய் என்ன செய்யும் என்பதும், ஏழரைச் சனி எத்தனை ஆண்டு என்பதும் ஏட்டைத் தொடாத சிற்றூரிலும் எல்லோருக்கும் தெரியும். வானத்தைப் பார்த்தவன் பெயர் தெரியாது. பாராமலே பலன் சொன்னவன் பெயர் தெரியும். இந்த நிலை எப்படி வந்தது? அதை அறியவே இந்த வரலாறு.

காலியிடமும் கண்டவர்களும்

பதினெட்டாம் நூற்றாண்டின் இறுதியில் ஐரோப்பிய வானியலாளரை ஓர் ஐயம் அரித்தது. கதிரவனிலிருந்து கோள்கள் இருக்கும் தொலைவில் ஓர் ஒழுங்கு காணப்பட்டது. ஆனால் செவ்வாய்க்கும் வியாழனுக்கும் நடுவே மட்டும் அகன்ற வெற்றிடம். அங்கே ஏதோ இருக்க வேண்டும் என்று எண்ணித் தேடினர். 1801ஆம் ஆண்டு சனவரி முதல் நாள், இத்தாலி நாட்டின் பலெர்மோ நகரில் பியாசி என்பார் ஒரு நகரும் புள்ளியைக் கண்டார். அதுவே சீரிசு. அவர் ஒரு பாதிரியார்! ஆயினும் அந்தப் புள்ளியை வேதப் புத்தகத்தில் தேடவில்லை, வானத்தில் தேடினார். அது கதிரவன் ஒளியில் மறைந்துபோனபோது, மீண்டும் எங்கே தோன்றும் என்பதை இளைஞர் காசு என்னும் செருமானியக் கணித மேதை கணக்கிட்டுக் கூறினார். கூறிய இடத்தருகே அது கிடைத்தது. வேண்டுதலால் அன்று, கணக்கால்.

1802இல் பல்லாசு, 1804இல் சூனோ, 1807இல் வெசுட்டா. பிறகு நெடுநாள் ஒன்றும் கிட்டவில்லை. தேடியது போதும் என்று பலர் ஓய்ந்தனர். ஓயாத ஒருவர் இருந்தார், பெயர் எங்கே. பெரிய பட்டம் பெற்றவரல்லர், அஞ்சலகத்தில் பணியாற்றியவர். பதினைந்து ஆண்டு இரவெல்லாம் தேடி 1845இல் ஐந்தாவது சிறுகோளைக் கண்டார். அஞ்சலகத்தார் ஒருவர் அறிவுலகின் பூட்டைத் திறந்தார்! அதன் பின்னரே ஆண்டுதோறும் சிறுகோள்கள் கிடைக்கத் தொடங்கின. அறிவு எந்தக் குலத்துக்கும் எந்தக் கூட்டத்துக்கும் எழுதி வைத்த சொத்து அன்று என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டுமா?

கம்பெனியார் நட்ட தூண்

வானாய்வுக் கூடம் சென்னைக்கு எப்படி வந்தது? வெள்ளையன் நம்மீது கொண்ட காதலால் அன்று. 1786இல் வில்லியம் பெட்ரி என்ற கம்பெனி அலுவலர் தம் சொந்த முயற்சியில் ஒரு கூடம் அமைத்தார். 1792இல் கிழக்கிந்தியக் கம்பெனியின் கூடமாக அது நுங்கம்பாக்கத்தில் நிலைபெற்றது. கப்பல் ஓட்ட வான்கணக்கு வேண்டும். பிடித்த நிலத்தை அளக்க நிலநெடுங்கோடு வேண்டும். அளந்த நிலத்துக்குத் தீர்வை வாங்க வேண்டும். ஆதலால் வானத்தை அளந்தனர். இந்தியப் பெருநிலத்தை முக்கோண முறையால் அளக்க லாம்டன் 1802இல் பரங்கிமலை அருகே அடிக்கோடு இட்டபோது, நெடுங்கோட்டுக்கு அடிப்படையாகக் கொண்ட இடம் இந்த நுங்கம்பாக்கமே. சென்னை நேரம் என்று நாடு முழுவதும் இருப்புப்பாதைகளில் ஓடிய கடிகாரத்திற்கும் இதுவே தாய்.

அங்கே ஒரு கருங்கல் தூண் நின்றது. கருவியைத் தாங்க எழுப்பிய தூண். ஆசிய மண்ணில் கணித அறிவை நட்டவர் தாமே என்னும் பெருமையை அதில் பல மொழிகளில் பொறித்து வைத்தனர். தமிழும் அதில் உண்டு. பெருமை மிகை. பிரித்தானியர் வருமுன் இங்கே கணக்கே இல்லையா? புறநானூற்றின் 30ஆம் பாட்டில், ஞாயிற்றின் செலவையும், அந்தச் செலவின் விரைவையும், காற்றுச் செல்லும் திசையையும், தாங்குவாரின்றி நிற்கும் வானத்தையும், நேரில் சென்று அளந்தவர் போல் சொல்லுவார் இருந்தனர் என்று உறையூர் முதுகண்ணன் சாத்தனார் பாடவில்லையா? வானை நோக்கும் மரபு நமக்கு உண்டு. ஆனால் அந்த மரபு எங்கே போயிற்று என்ற கேள்விக்குக் கம்பெனியார் மறுமொழி சொல்ல வேண்டியதில்லை. நாம் சொல்ல வேண்டும். அளந்தவர் இருந்த நாட்டில், அளவை விட்டுவிட்டு அச்சத்தை மட்டும் வைத்துக்கொண்டது யார் குற்றம்?

நம் தருமபுரி அருங்காட்சியகத்தில் நடுகற்கள் நிற்கின்றன. ஆநிரை மீட்டு மாண்ட மறவர்க்குத் தகடூர் நாட்டார் கல்லெடுத்தனர். எந்த அரசன் காலம், எத்தனையாவது ஆண்டு, எவன் மகன், எதற்காக மாண்டான் என்று வெட்டி வைத்தனர். ஆண்டைக் குறித்து வைக்க அறிந்த மக்கள் நாம். கல்லில் எழுத்தாகப் பார்த்தால் அது வரலாறு. அதே கல்லில் எண்ணெயும் குங்குமமும் பூசினால் எழுத்து மறைந்து சாமி மட்டும் எஞ்சும். நடுகல்லுக்கு நேர்ந்ததே வானத்துக்கும் நேர்ந்தது.

ஒளியை அளந்த மனிதர்

போக்சன் 1861இல் சென்னைக்கு வந்தார். வருமுன்னரே இங்கிலாந்தில் மூன்று சிறுகோள்களைக் கண்டவர். விண்மீன்களின் ஒளியை அளக்க அவர் 1856இல் வகுத்த அளவுகோல் இன்றும் உலகெங்கும் வழக்கில் இருக்கிறது. முற்காலக் கிரேக்கர், மிக ஒளிர்வதை முதற்படி என்றும், கண்ணுக்கு அரிதில் புலப்படுவதை ஆறாம்படி என்றும் வகுத்தனர். முதற்படி மீன் ஆறாம்படி மீனைவிட நூறு மடங்கு ஒளி உடையது என்று கொண்டால், ஒரு படிக்கும் அடுத்த படிக்கும் உள்ள வேறுபாடு 2.512 மடங்கு என்று போக்சன் கணக்கிட்டார். பெருக்கிப் பாருங்கள்: 2.512ஐ ஐந்து முறை பெருக்கினால் நூறு வரும்.

இந்தக் கணக்கைச் சில்வியாவுக்குப் பொருத்துவோம். அது நன்கு ஒளிரும் காலத்திலும் ஏறத்தாழ 12ஆம் படியை ஒட்டியே நிற்கும். வெறுங்கண்ணின் எல்லை ஆறாம்படி. இடையே ஆறு படி. அதாவது, கண்ணுக்கு அரிதில் தெரியும் மங்கிய மீனைவிட ஏறத்தாழ 250 மடங்கு மங்கிய புள்ளி! அதைத்தான் சென்னையின் புழுக்கத்தில், கையால் வரைந்த படத்தோடு ஒப்பிட்டு, ஒரு மனிதக் கண் பிடித்தது. வானத்தைப் படம் பிடித்துச் சிறுகோளைக் காணும் முறை 1891இல்தான் வந்தது. போக்சன் இறந்ததும் அதே ஆண்டில்.

1861 ஏப்பிரல் 17இல் அவர் சென்னையில் கண்ட முதற் சிறுகோள் 67ஆம் எண்ணுடையது. ஆசியக் கண்டத்திலிருந்து முதன்முதலாகக் கண்ட சிறுகோள் ஆதலின் அதற்கு ஆசியா என்றே பெயர். 1864இல் சாப்போ. 1866இல் சில்வியா. 1868இல் கமில்லா. 1885இல் வீரா. ஐந்து கோள்கள்! நுங்கம்பாக்கத்தின் பெயரை வானில் எழுதிய ஐந்து எழுத்துகள்.

பெயரும் பிழையும்

சில்வியா என்னும் பெயருக்கு ஒரு சிறு வரலாறு உண்டு. பிரெஞ்சு வானியலாளர் பிளமாரியோனின் மனைவி பெயரை இட்டதாகப் பிற்கால நூல்கள் சில எழுதிவிட்டன. ஒருவர் எழுத, மற்றவர் அதைப் பார்த்து எழுதினர். பின்னர் 1866ஆம் ஆண்டு ஏட்டைப் புரட்டிப் பார்த்தபோது உண்மை தெரிந்தது. உரோம நகரை நிறுவிய ரோமுலசு, ரீமசு என்னும் இரட்டையரின் தாய் ரியா சில்வியா. அவள் பெயரே அது. பழையது என்பதற்காக ஒன்று உண்மையாகிவிடாது. பலர் சொன்னதற்காகவும் ஆகாது. மூல ஏட்டைப் பார்! இது வரலாறு கற்பாருக்குக் கோள் கற்பிக்கும் முதற் பாடம்.

கண்ட நாளில் அது ஒரு புள்ளி. 135 ஆண்டு புள்ளியாகவே இருந்தது. 2001 பிப்பிரவரியில், அவாய்த் தீவின் கெக் தொலைநோக்கியில் பிரவுன், மார்கோ என்னும் இருவர், சில்வியாவைச் சுற்றி ஒரு சிறு நிலவு ஓடுவதைக் கண்டனர். 2004இல் சிலி நாட்டுப் பெருந்தொலைநோக்கி எடுத்த படங்களில் இரண்டாவது நிலவு தெரிந்தது. மார்சி என்பாரும் அவர் தோழரும் 2005 ஆகத்தில் அதை அறிவித்தனர். இரு நிலவு கொண்ட சிறுகோள் என்று அறியப்பட்ட முதற்கோள் அதுவே. தாய்க்கு இரட்டையர்! ஆதலால் நிலவுகளுக்கு ரோமுலசு, ரீமசு என்றே பெயர் சூட்டினர். 1868இல் கண்ட கமில்லாவும் கரிய கோளே. அதற்கும் ஒரு நிலவு உண்டென 2001ஆம் ஆண்டிலேயே அபிள் தொலைநோக்கி காட்டியது.

இரட்டையர் தோன்றுவர் என்று போக்சன் முன்னரே உணர்ந்து பெயரிட்டார் என்று நாளை யாரேனும் கதை கட்டலாம். நம்பாதீர். அவருக்குத் தெரியாது; தெரிய வழியும் இல்லை. இது தற்செயல். தற்செயலைத் தெய்வச் செயலாக்கும் தொழில் நம் நாட்டில் பெருந்தொழில்; அந்தத் தொழிற்சாலைக்கு நாம் மூலப்பொருள் வழங்க வேண்டா.

கருமையின் கதை

அந்தக் கோளின் அளவு என்ன? உருண்டை வடிவம் அன்று. நீண்ட உருளைக்கிழங்கு போன்றது. நெடும் பக்கம் ஏறத்தாழ 360 கிலோமீட்டர். சராசரி குறுக்களவு 270 கிலோமீட்டரை ஒட்டியது. அதன் ஒரு முனையைச் சென்னையில் வைத்தால் மறு முனை நம் தருமபுரியைத் தாண்டி நிற்கும். கதிரவனிலிருந்து சராசரியாக 52 கோடி கிலோமீட்டர் தொலைவில், ஆறரை ஆண்டுக்கு ஒருமுறை சுற்றி வருகிறது. அத்தனை பெரிய பாறை, தன்னைத் தானே சுற்ற எடுத்துக்கொள்ளும் நேரம் ஐந்தேகால் மணியை எட்டாது. நம் ஒரு நாளில் அதற்கு நான்கு பகலும் நான்கு இரவும் போய், அடுத்த பொழுதும் புலர்ந்துவிடும்.

கருமை ஏன்? தன்மீது விழும் நூறு பங்கு ஒளியில் நான்கு பங்கு அளவே திருப்பி அனுப்புகிறது, எஞ்சியதை விழுங்கிவிடுகிறது. கதிரவனுக்குத் தொலைவில், குளிரில், கரிப்பொருள் மிக்க பழம்பொருளால் ஆன கோள்கள் இப்படி இருளாக இருக்கின்றன. கோள்கள் உருவான தொடக்கக் காலத்துச் சரக்கு அவை. பெருங்கோள்களில் உருகி உருமாறிப் போன பழம்பொருளின் மிச்சம். ஆகவே அறிஞர் கரிய கோளை விரும்பித் தேடுகின்றனர். கருமை கண்டு நாம் அஞ்சுகிறோம், அவர்கள் ஆராய்கிறார்கள். காரி என்று பெயரிட்டு, கரிய துணி உடுத்தி, எள் விளக்கேற்றி நடுங்குவது ஒரு முறை. ஏன் கருமை என்று கேட்பது மற்றொரு முறை.

எடை எப்படித் தெரிந்தது? அங்கே தராசு கொண்டு சென்றவர் யார்? நிலவுகளே தராசு! ரோமுலசு ஏறத்தாழ 1,360 கிலோமீட்டர் தொலைவில் மூன்றரை நாளுக்குச் சற்று மிகுந்த காலத்தில் சுற்றுகிறது; ரீமசு ஏறத்தாழ 700 கிலோமீட்டர் தொலைவில் 33 மணி நேரத்தில் சுற்றுகிறது. இவ்வளவு தொலைவில் இவ்வளவு விரைவாகச் சுற்ற வேண்டுமாயின், நடுவே இழுக்கும் பொருள் இவ்வளவு கனமாக இருந்தாக வேண்டும் என்று நியூட்டனின் கணக்கு சொல்லும். பருமனையும் கனத்தையும் சேர்த்துப் பார்த்தபோது வியப்பு விளைந்தது. சில்வியாவின் அடர்த்தி நீரின் அடர்த்தியைவிடச் சற்றே மிகுதி! முழுப் பாறையாயின் இரண்டு, மூன்று மடங்கு இருக்க வேண்டும். ஆகவே உள்ளே பனிக்கட்டியும் வெற்றிடமும் கலந்துள்ளன என்று கொள்கின்றனர். பழைய பெருங்கோள் ஒன்று மோதலில் நொறுங்கி, நொறுங்கிய துண்டுகள் மீண்டும் கூடியதால் ஆன கோள் இது என்றும், சிதறிய சிலவே நிலவுகள் என்றும் கருதுகின்றனர். உள்ளமைப்புப் பற்றி இன்றும் கருத்து வேறுபாடு உண்டு. அதை அவர்கள் மறைக்கவில்லை. அறிவியலுக்கும் அருள்வாக்குக்கும் உள்ள வேறுபாடு அதுதான்: ஒன்று தன் ஐயத்தை வெளியே வைக்கும், மற்றது உள்ளே பூட்டும்.

இரண்டு சனிகள்

அந்தக் கூடத்தில் போக்சன் தனியாக இல்லை. அவருடைய முதல் உதவியாளர் சிந்தாமணி இரகுநாதாச்சாரியார். பஞ்சாங்கம் கணிக்கும் குடும்பத்தில் வந்தவர். 1867 சனவரியில், தென்வானில் ரெட்டிகுலம் என்னும் மீன்கூட்டத்தில் ஒரு மீனின் ஒளி கூடிக் குறைவதைக் கண்டறிந்தவர். 1872இல் இலண்டன் அரச வானியல் கழகத்தின் உறுப்பினரானார். அந்தச் சிறப்பைப் பெற்ற முதல் இந்தியர் அவரே. 1874 திசம்பர் 9ஆம் நாள் வெள்ளி கதிரவனின் முகத்தைக் கடந்து சென்றதை மக்களுக்கு விளக்க, ஆங்கிலத்தில் மட்டுமன்றி இந்திய மொழிகளிலும் சிறு நூல் எழுதி வெளியிட்டார்.

அவர் செய்த மற்றொரு செயல் நமக்கு இன்னும் பொருந்தும். பஞ்சாங்கக்காரர் பழைய வாக்கியங்களை வைத்துக் கணித்த இடம் ஒன்று. தொலைநோக்கியில் கோள் உண்மையில் நின்ற இடம் வேறொன்று. பிழை கண்ணுக்குத் தெரிந்தது. ஆகவே கண்டதைக்கொண்டு பஞ்சாங்கத்தைத் திருத்த வேண்டும் என்று முயன்றார். திருத்திய பஞ்சாங்கமும் வெளியிட்டார். திருக்கணிதம் என்னும் சொல்லில் உள்ள ‘திரு’ திருமகளைக் குறிக்கும் திரு அன்று. பார்வை என்னும் பொருளுடைய வடசொல்லின் தமிழ் வடிவம். கண்ணால் கண்டு கணித்தது என்பதே அதன் பொருள்.

அவர் நம் கொள்கைக்காரர் அல்லர். பஞ்சாங்கத்தை ஒழிக்கப் புறப்பட்டவரும் அல்லர், திருத்தப் புறப்பட்டவர். ஆயினும், கண்டது ஒரு பக்கம், கற்பித்தது ஒரு பக்கம் என்று வந்தபோது கண்டதன் பக்கம் நின்றார். அதற்காக அவரை மதிப்போம். அதே மூச்சில் மற்றொன்றையும் கேட்போம். அந்தக் கூடத்தின் வாயில் அன்று யாருக்குத் திறந்தது? ஏடு புழங்கிய வீட்டுப் பிள்ளைக்குத் திறந்தது. தகடூர் நாட்டில் கேழ்வரகு விதைத்தவன் மகனுக்கும், செருப்புத் தைத்தவன் மகனுக்கும், எழுத்தே மறுக்கப்பட்டிருந்தபோது வானம் எப்படித் திறக்கும்? வானம் பொது என்றால் போதுமா? அதைப் பார்க்க ஏறும் படி பொதுவாக வேண்டாவா?

இரகுநாதாச்சாரியார் 1880இல் மறைந்தார். அவர் தொடங்கிய வழக்கு இன்னும் முடியவில்லை. இன்றும் நம் கடைத்தெருவில் வாக்கியப் பஞ்சாங்கமும் விற்கிறது. திருக்கணிதப் பஞ்சாங்கமும் விற்கிறது. 2023ஆம் ஆண்டு சனி மகரத்திலிருந்து கும்பத்துக்கு மாறும் நாளை ஒன்று சனவரி 17 என்றது. மற்றொன்று திசம்பர் 20 என்றது. பதினொரு திங்கள் வேறுபாடு! வானத்தில் இருப்பதோ ஒரே சனி. ஒரே சனி எப்படி இரு நாளில் வீடு மாறும்? இருமுறையும் பரிகாரம், இருமுறையும் கூட்டம், இருமுறையும் உண்டியல். சில்வியா இன்றிரவு எங்கே நிற்கிறது என்று கணித்தால் உலகின் எல்லா வானாய்வுக் கூடமும் ஒரே இடத்தைத்தான் சுட்டும்.

ஏழரையும் தொண்ணூற்றேழும்

இதெல்லாம் ஏட்டுச் சுரைக்காய் என்று எண்ணாதீர். அதே 2023இல், மே திங்களில், என் மாணவி ஒருத்தி பத்தாம் வகுப்பில் கணக்கில் 97 எண் பெற்றாள். பதினொன்றாம் வகுப்பில் சேர அவள் வரவில்லை. வீடு தேடிச் சென்றேன். தந்தை உழைப்பாளி, பெங்களூரில் கட்டட வேலை செய்து வந்து, பெண்ணைப் படிக்கவைத்த நல்லவர். அவர் சொன்னார்: “சார், டிசம்பர்ல சனி மாறுதுங்க. பொண்ணு மீன ராசி. ஏழரை பிடிச்சா அப்புறம் ஒண்ணும் கூடி வராதுங்க. அதுக்குள்ள ஒருத்தர் கையில புடிச்சிக் குடுத்திடணும்.”

பதினைந்து வயதுப் பெண்! பதினெட்டு நிறையாமல் மணம் முடிப்பது குற்றம் என்று சட்டம் சொன்னேன். “சட்டம் தெரியுங்க சார். சனிக்குச் சட்டம் தெரியுமா?” என்றார்.

வீம்பாகக் கேட்கவில்லை அவர், அச்சத்தோடு கேட்டார். வெறுத்துப் பயன் என்ன? மறுநாள் கடையில் இரண்டு பஞ்சாங்கமும் வாங்கிக்கொண்டு மீண்டும் சென்றேன். இரு பக்கத்தையும் திறந்து அவர் முன் வைத்தேன். “இதன்படி உங்கள் பெண்ணுக்கு ஏழரை சனவரியிலேயே தொடங்கிவிட்டது. தொடங்கி மூன்றாம் மாதத்தில்தான் அவள் தேர்வு எழுதினாள். தொண்ணூற்றேழு வாங்கினாள். இதன்படி இன்னும் தொடங்கவே இல்லை. எந்தச் சனியைக் கண்டு அஞ்சுகிறீர்கள்?” என்றேன்.

அவர் நெடுநேரம் பேசவில்லை. இரண்டு புத்தகத்தையும் மாற்றி மாற்றிப் பார்த்தார். “யோசிச்சுச் சொல்றேனுங்க” என்றார். வென்றுவிட்டேன் என்று நான் எண்ணவில்லை. திங்கட்கிழமை காலையில் அந்தப் பெண்ணின் தாய் பள்ளிக்கு வந்தார். “விண்ணப்பம் குடுங்க சார்” என்று ஒரு சொல் சொன்னார். கைநாட்டு வைக்கத் தயங்கி, மகள் கற்றுக்கொடுத்த தன் பெயரை எழுத்துக் கூட்டி எழுதினார்.

அந்த மாணவிக்கு நான் சொன்ன கதை போக்சனின் கதை அன்று. அவர் மகளின் கதை. ஐசிசு போக்சன் 1873 முதல் நுங்கம்பாக்கத்தில் உதவியாளராகப் பணியாற்றியவர். விண்ணையும் வானிலையையும் கணக்கிட்டவர். 1886இல் அவர் பெயரை அரச வானியல் கழகத்தின் உறுப்பினர் பதவிக்கு முன்மொழிந்தனர். கழகத்தின் சாசனத்தில் உறுப்பினரை ‘அவன்’ என்றே எழுதியிருக்கிறது, ‘அவள்’ என்று இல்லை என்று சொல்லி மறுத்தனர். இலண்டனிலும் ஏடு காட்டித்தான் பெண்ணைத் தடுத்தனர்! 34 ஆண்டு கழித்து, 1920இல் அதே கழகம் அவரை உறுப்பினராக்கியது. பழைய ஏடு பெண்ணின் வழியை மறிப்பது நம் நாட்டு நோய் மட்டும் அன்று. அந்த நோய்க்கு மருந்தும் எங்கும் ஒன்றே.

நம் மலைக்கு அப்பால்

1899இல் வானாய்வுப் பணி நுங்கம்பாக்கத்தைவிட்டுக் கோடைக்கானலுக்குப் பெயர்ந்தது. பின்னர், 1960களின் இறுதியில், வைணு பாப்பு என்னும் அறிஞரின் முயற்சியால் சவ்வாது மலையின் காவலூரில் தொலைநோக்கி ஏறியது. காவலூர் எங்கே இருக்கிறது? நம் தருமபுரிக்கு வடகிழக்கே. நம் கிழக்கு எல்லை ஊர்களில் நின்று பார்த்தால் நீலமாகத் தெரியும் மலைத்தொடரில். 1977 மார்ச்சு 10ஆம் நாள் யுரேனசைச் சூழ்ந்த வளையங்களின் அறிகுறியைக் கண்ட இடங்களுள் அதுவும் ஒன்று. 1988 பிப்பிரவரி 17ஆம் நாள் இராசமோகன் என்னும் அறிஞர் அங்கே ஒரு புதிய சிறுகோளைக் கண்டார். 1885இல் போக்சன் வீராவைக் கண்டபின் நூறு ஆண்டுக்கு மேல் கழிந்து இந்திய மண்ணிலிருந்து கண்ட சிறுகோள் அது. 4130 என்னும் எண்ணுடைய அதற்கு இராமானுசன் என்று பெயர். ஈரோட்டில் பிறந்த கணித மேதையின் பெயர்.

நம் மலைச்சாரலில் ஆடு மேய்க்கும் சிறுவன் அண்ணாந்து பார்க்கும் அதே வானத்தைத்தான் காவலூர்க் கண்ணாடியும் பார்க்கிறது. இருவருக்கும் இடையே உள்ள தொலைவு மலையின் தொலைவு அன்று, படிப்பின் தொலைவு. அந்தத் தொலைவைக் குறைப்பதே நம் இயக்கத்தின் வேலை.

ஆகவே, இளைஞர்காள்! மன்றந்தோறும் ஒரு வேலை செய்யுங்கள். மழை இல்லாத ஓர் இரவில், ஊர்ப் பிள்ளைகளைத் திரட்டி வெளியில் நிறுத்துங்கள். சிறிய தொலைநோக்கி ஒன்று இரவல் கிடைத்தாலும் போதும், சனியைக் காட்டுங்கள். வளையத்தோடு, அழகாக, யாரையும் பிடிக்காமல், யாரையும் விடாமல், தன் வழியே போகும் சனியைக் காட்டுங்கள். பிறகு இரண்டு பஞ்சாங்கத்தையும் கையில் கொடுங்கள். சொற்பொழிவு வேண்டா. பிள்ளைகளே கேள்வி கேட்பர்.

இன்று அறியப்பட்ட சிறுகோள்கள் பத்து நூறாயிரத்துக்கும் மேல். அவற்றுள் ஒன்றுக்கேனும் எந்தச் சாதகக் கட்டத்திலும் இடமில்லை. சென்னையினும் தருமபுரியினும் நீண்ட ஒரு கரிய கோள், இரு பிள்ளையோடு, கோடி ஆண்டுகளாக நம் தலைக்கு மேல் ஓடிக்கொண்டிருந்தது. சோதிடம் சொன்னவர் ஒருவருக்கும் அது தெரியவில்லை. விழித்திருந்து பார்த்த ஒருவருக்குத் தெரிந்தது.

அந்த மாணவி இப்போது கல்லூரியில் கணிதம் படிக்கிறாள். அவள் தந்தை வீட்டுச் சுவரில் இன்றும் பஞ்சாங்கம் தொங்குகிறது. ஒன்றுதான் வேறுபாடு: மகளின் கல்லூரித் தேர்வு நாள்களை அவர் அதில் குறித்து வைத்திருக்கிறார்.